கதை எந்த ஊரில் நடக்கிறது? மலையாளத் திரைப்படங்களைப் பார்க்கத் தொடங்குவோருக்கு

மலையாளத் திரைப்படங்களைப் பாராட்டும்போது நம்மில் பலரும் ‘யதார்த்தம்’, ‘மண்வாசனை’ என்ற இரண்டு சொற்களைத்தான் கையில் எடுக்கிறோம். இரண்டும் தவறான சொற்கள் அல்ல. ஆனால் ஒரு படத்தில் எது இருந்தால் அதை மண்வாசனை என்கிறோம், எது இல்லாமல் போனால் அது வெறும் காட்சியழகாகிவிடுகிறது என்று கேட்டால் சட்டென்று பதில் சொல்ல வருவதில்லை. காயலும் கட்டுமரமும் தென்னந்தோப்பும் கசவுச் சேலையும் எந்த மொழிப் படத்திலும் வரலாம். ஒரு பாட்டுக்காக ஆலப்புழைக்குப் போய் வந்தால் அவை கிடைத்துவிடும். ஆகவே அந்தப் பொருட்களை வைத்து ஒரு படம் ஒரு வட்டாரத்தின் வாழ்க்கையைச் சொல்கிறதா என்று முடிவு செய்ய முடியாது.

நான் எனக்கென்று வைத்துக்கொண்டிருக்கும் உரைகல் ஒரு கேள்விதான்: இந்தக் கதையை இந்த ஊரிலிருந்து பெயர்த்தெடுத்து வேறோர் ஊரில் நட்டால் அது பிழைக்குமா? எதுவும் கெடாமல் பிழைக்குமென்றால் ஊர் அந்தப் படத்தில் திரைச்சீலையாக மட்டும் தொங்கிக்கொண்டிருந்தது என்று பொருள். பெயர்த்தெடுத்த உடனே கதையின் முடிச்சுகள் அவிழ்ந்துவிடுமென்றால், ஊர்தான் கதையை நடத்திக்கொண்டிருந்தது. அந்த ஊரின் தொழில், சாப்பாடு, வழிபாடு, பேச்சு, வீடு கட்டும் முறை, தண்ணீர் வரும் காலம், தண்ணீர் வற்றும் காலம் ஆகியவை பாத்திரங்களை ஒரு பக்கம் தள்ளிக்கொண்டே இருக்கின்றன. மலையாளத்தின் நல்ல படங்களில் பெரும்பாலானவை இந்த இரண்டாம் வகையைச் சேர்ந்தவை என்பதே இந்தக் கட்டுரையில் நான் சொல்ல விரும்புவது.

தமிழ்நாட்டில் மிகப் பலர் பார்த்த ஒரு படத்திலிருந்தே தொடங்கலாம். சிதம்பரம் இயக்கி 2024இல் வெளிவந்த ‘மஞ்ஞும்மல் பாய்ஸ்’, கொச்சிக்கு அருகிலுள்ள மஞ்ஞும்மலைச் சேர்ந்த நண்பர்கள் 2006இல் கொடைக்கானலின் குணா குகைக்குச் சென்றபோது நடந்த உண்மைச் சம்பவத்தை அடிப்படையாகக் கொண்டது. படத்தின் தொடக்கத்தில் இவர்கள் வடம்வலி, அதாவது கயிறிழுக்கும் போட்டி, ஆடுகிறார்கள். கேரளத்தில் ஊருக்கு ஊர் குழு வைத்து, பயிற்சி எடுத்து, பரிசுத்தொகையோடு நடத்தப்படும் விளையாட்டு அது. முதல் தடவை பார்க்கும்போது அதை இளைஞர்களின் கும்மாளமாக மட்டும் எண்ணிக் கடந்துவிடுவோம். பின்னால் ஓர் உயிர் ஒற்றைக் கயிற்றில் தொங்கும் நேரத்தில், ஒரே மூச்சில் ஒரே தாளத்தில் கயிற்றை இழுக்கத் தெரிந்த கைகள் வேண்டியிருக்கிறது. அந்தக் கைகளை அவர்களுக்குக் கொடுத்தது அவர்களுடைய ஊர். வடம்வலியை எடுத்துவிட்டால் அந்த மீட்பு வெறும் சாகசமாகிவிடும். அது இருப்பதால் ஓர் ஊரின் பழக்கம் ஓர் உயிரைத் தூக்கிவிடுகிறது.

இன்னும் நுணுக்கமான எடுத்துக்காட்டு, திலீஷ் போத்தன் இயக்கத்தில் ஷ்யாம் புஷ்கரன் எழுதி 2016இல் வெளிவந்த ‘மகேஷிண்டே பிரதிகாரம்’. இடுக்கி மாவட்டத்தின் மலைச்சரிவில் உள்ள பிரகாஷ் என்ற சிறிய ஊரில் மகேஷ் ஒரு புகைப்பட நிலையம் வைத்திருக்கிறான். ஒன்றுக்கொன்று சம்பந்தமில்லாத சில சில்லறைச் சம்பவங்கள் சங்கிலியாகக் கோத்துக்கொண்டு கடைசியில் கடைத்தெருவில் ஒரு சண்டையாக முடிகின்றன. விலக்கிவிடப் போன மகேஷ், ஊரார் பார்த்திருக்க அடிவாங்கி அவமானப்படுகிறான். அடித்தவனைத் திருப்பி அடிக்கும்வரை காலில் செருப்பு போடமாட்டேன் என்று அவன் சபதம் எடுக்கிறான். அடித்தவனோ அதற்குள் வேலைக்காகத் துபாய் போய்விடுகிறான்.

அந்தச் செருப்பைச் சற்று நெருங்கிப் பார்க்க வேண்டும். ஒரு பெருநகரத்தில் ஒருவன் செருப்பில்லாமல் நடந்தால் அதைக் கவனிக்க யாருக்கும் நேரமில்லை. ஒரே கடைத்தெரு, ஒரே பேருந்து நிறுத்தம், ஒரே தேவாலயம் என்றிருக்கும் மலையூரில் மகேஷின் வெறுங்கால் நாள்தோறும் எல்லோர் கண்ணிலும் படுகிறது. காலில் செருப்பில்லாத ஒவ்வொரு நாளும் அந்த அடி ஊராருக்கு நினைவூட்டப்படுகிறது. கல்லும் ஏற்றமும் ஈரமும் உள்ள பாதையில் சபதம் உடம்பிலும் உறைக்கிறது. அடித்தவன் துபாய்க்குப் போனதும் கதாசிரியரின் வசதிக்காக நடந்ததல்ல. அந்தப் பகுதியில் ஒரு வெல்டரோ ஓட்டுநரோ திடீரென்று வளைகுடாவுக்குப் புறப்பட்டுப் போவது அன்றாடச் செய்தி. மகேஷ் காத்திருக்கிறான், காத்திருக்கும் காலத்தில் தன் தொழிலையே புதிதாகக் கற்றுக்கொள்கிறான். முகத்தை நிமிர்த்து, தோளை இறக்கு என்று சொல்லி விறைப்பாகப் படமெடுத்துக்கொண்டிருந்தவன், மனிதர்கள் தங்களை மறந்து இருக்கும் நொடிக்காகக் கேமராவோடு பொறுத்திருக்கப் பழகுகிறான். பழிவாங்கும் கதை ஒன்று, ஒரு கைத்தொழில்காரன் தன் கலையைக் கண்டுபிடிக்கும் கதையாக மாறிவிடுகிறது.

இதே கதை 2018இல் ‘நிமிர்’ என்ற பெயரில் தமிழுக்கு வந்தது. நிகழ்ச்சிகள் வந்து சேர்ந்தன. ஆனால் அந்தச் சபதத்துக்குக் கனம் கொடுத்த ஊரின் சிறுமை, எல்லோரும் எல்லோரையும் அறிந்திருக்கும் அந்த நெருக்கம், கூடவே வரவில்லை என்பது என் கருத்து.

மூன்று நாடுகள் சேர்ந்த மாநிலம்

இந்தப் பண்பு எங்கிருந்து வந்தது என்று கேட்டால், முதலில் நிலப்படத்தைப் பார்க்க வேண்டும். இன்றைய கேரளம் 1956 நவம்பர் 1ஆம் நாள்தான் உருவானது. அதற்கு முன் தெற்கே திருவிதாங்கூர், நடுவே கொச்சி என்று இரண்டு மன்னராட்சிப் பகுதிகள் இருந்தன. வடக்கே மலபார், சென்னை மாகாணத்தின் ஒரு மாவட்டமாக இருந்தது. ஆட்சி, வரி, பள்ளிக்கூடம், நில உரிமை எல்லாம் வெவ்வேறாக இருந்த மூன்று பகுதிகள் ஒரே மொழியின் பெயரால் ஒன்றாயின. ஆகவே ‘கேரளப் பண்பாடு’ என்று ஒன்றைச் சொன்னாலும் உள்ளே போய்ப் பார்த்தால் வள்ளுவநாடு வேறு, குட்டநாடு வேறு, ஏறநாடு வேறு, மலையோரக் குடியேற்றப் பகுதிகள் வேறு. மலையாள எழுத்தாளர்கள் இந்த வேற்றுமையை முதலில் பிடித்துக்கொண்டார்கள். திரைப்படம் அவர்களிடமிருந்து கற்றுக்கொண்டது.

தொடக்ககால மலையாளப் படங்களை அப்படிச் சொல்லிவிட முடியாது. முதல் மலையாளப் பேசும்படமான ‘பாலன்’ 1938இல் வெளிவந்தது. அதைத் தயாரித்தது நம் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ். அதன் பிறகும் நெடுங்காலம் மலையாளப் படங்கள் சென்னையின் அரங்குகளில் எடுக்கப்பட்டன, மெட்டுகள்கூட இந்தியிலிருந்தும் தமிழிலிருந்தும் கடன் வாங்கப்பட்டன. 1954இல் பி. பாஸ்கரனும் ராமு காரியாட்டும் சேர்ந்து இயக்கி, உறூப் எழுதிய ‘நீலக்குயில்’ திருப்பம் எனச் சொல்லத்தக்க படம். உயர்சாதிப் பள்ளி ஆசிரியர் ஒருவர் தாழ்த்தப்பட்ட சாதிப் பெண்ணைக் காதலித்துக் கைவிடுகிறார். அவள் இறந்தபின் குழந்தையை எடுத்து வளர்ப்பவர் ஊரின் தபால்காரர். கே. ராகவன் அந்தப் படத்துக்காக நாட்டுப்புற மெட்டுகளையும் மலபார் முஸ்லிம்களின் மாப்பிளப்பாட்டின் சாயலையும் கொண்டுவந்தார். வயலிலும் கடற்கரையிலும் பாடப்பட்டவை படத்துக்குள் கேட்டபோது கேரள மக்கள் தங்கள் ஊரைத் திரையில் முதன்முறையாகக் கேட்டார்கள் என்றுகூடச் சொல்லலாம்.

பிறகு 1965இல் ‘செம்மீன்’ வந்தது. தகழி சிவசங்கரப் பிள்ளையின் நாவலை ராமு காரியாட் படமாக்கினார். குடியரசுத் தலைவரின் தங்கப் பதக்கம் பெற்ற முதல் தென்னிந்தியப் படம் அது. கடலுக்குப் போன மீனவனின் உயிர், கரையில் இருக்கும் மனைவியின் ஒழுக்கத்தில் இருக்கிறது, அவள் தவறினால் கடலம்மா அவனை எடுத்துக்கொள்வாள் என்ற நம்பிக்கைதான் அந்தக் கதையின் அச்சாணி. அந்த நம்பிக்கையை இன்று நாம் ஏற்க வேண்டியதில்லை. பெண்ணின் மேல் இவ்வளவு பாரத்தை ஏற்றும் நம்பிக்கையை ஏற்கவும் கூடாது. ஆனால் கதாநாயகி கருத்தம்மாவின் அச்சத்தைப் புரிந்துகொள்ள அந்தக் கடற்கரைக்குள்ளேயே நிற்க வேண்டியிருக்கிறது என்பதைக் கவனியுங்கள்.

இவற்றுக்குப் பின்னால் ஒரு வாசகர் கூட்டம் இருந்தது. 1945இல் பி.என். பணிக்கரின் முயற்சியில் தொடங்கிய நூலக இயக்கம் சிற்றூர்கள்வரை படிப்பகங்களைக் கொண்டுசென்றது. தேநீர்க் கடையில் ஒருவர் நாளிதழை உரக்கப் படிக்க மற்றவர்கள் கேட்டுக்கொண்டு வாதிடுவது அங்கே நெடுநாள் வழக்கம். நாடகக் குழுக்கள் நிலவுரிமையையும் கூலியையும் மேடையில் பேசின. 1965இல் அடூர் கோபாலகிருஷ்ணனும் நண்பர்களும் திருவனந்தபுரத்தில் ‘சித்ரலேகா’ திரைப்படச் சங்கத்தைத் தொடங்கிய பின், அயல்நாட்டுப் படங்களைப் பார்த்து விவாதிக்கும் பழக்கமும் ஊர்களுக்குப் பரவியது. பார்ப்பவர்களே நாவல் படித்தவர்களாகவும் அரசியல் பேசுபவர்களாகவும் இருக்கும்போது, ஊரைப் பொய்யாகக் காட்டும் படம் எளிதில் மாட்டிக்கொள்ளும்.

வீட்டுக்குள் நுழைந்து பார்த்தால்

மலையாளப் படங்களில் வீடு ஒரு பாத்திரம் என்று சொல்லத் தோன்றுகிறது. ஆனால் அப்படிப் பொதுவாகச் சொல்லிவிட்டுப் போவதைவிட மூன்று வீடுகளுக்குள் நுழைந்து பார்ப்பது நல்லது.

முதல் வீடு, அடூர் கோபாலகிருஷ்ணனின் ‘எலிப்பத்தாயம்’ (1981). தலைப்புக்கு எலிப்பொறி என்று பொருள். பழைய நாயர் தறவாடு, அதாவது தாய்வழிக் கூட்டுக் குடும்ப வீடு. உண்ணி என்ற ஆண், அவனுடைய மூன்று சகோதரிகள். நாயர் குடும்பங்களில் சொத்து தாய்வழியே இறங்கிவந்தது. அதை நிர்வகிக்கும் அதிகாரம் மூத்த ஆணிடம் இருந்தது. நிலச்சீர்திருத்தம் வந்து குத்தகை வருமானத்தைக் குறைத்தது. 1975இல் சட்டமே கூட்டுக் குடும்ப உரிமை முறையை ஒழித்தது. உண்ணிக்கு எஞ்சியிருப்பது பரம்பரைப் பெருமையும் சாய்வு நாற்காலியும்தான். ஒரு காட்சியில் அவன் உடுத்திக்கொண்டு குடையோடு வெளியே கிளம்புகிறான். வழியில் சிறிது சேறு தேங்கிக் கிடக்கிறது. தாண்டிப் போக மனமில்லாமல் வீட்டுக்கே திரும்பிவிடுகிறான். வீட்டு வேலையெல்லாம் ராஜம்மா என்ற தங்கையின் தோளில் இருக்கிறது. அவள் உடம்பு தேய்கிறது, அதை அவன் பார்ப்பதே இல்லை. ஒரு சமூக முறை வீழ்ந்துவிட்டது என்பதை ஒரு சேற்றுப் பள்ளத்தை வைத்துச் சொல்ல முடிகிறது.

இரண்டாவது வீடு, ஜியோ பேபியின் ‘தி கிரேட் இந்தியன் கிச்சன்’ (2021). புதிதாக மணமாகி வந்த பெண், ஆசிரியராக வேலை பார்க்கும் கணவன், மாமனார், மாமியார். யாருடைய பெயரையும் படம் நமக்குச் சொல்வதில்லை. பின்னணி இசையை ஏறக்குறைய விலக்கிவிட்டு, காய் நறுக்கும் ஓசையையும் எண்ணெய் பொரியும் ஓசையையும் பாத்திரம் விழும் ஓசையையும் மட்டும் கேட்கவைக்கிறார்கள். மாமனாருக்குக் குக்கர் சோறு பிடிக்காது, விறகடுப்பில் வடிக்க வேண்டும். சட்னியை அம்மியில் அரைக்க வேண்டும். அவர் குரலை உயர்த்துவதே இல்லை, புன்னகையோடுதான் கேட்கிறார். சாப்பிட்டு எழுந்தவர்கள் மென்று துப்பிய முருங்கைக்காய்ச் சக்கைகள் மேசை முழுவதும் கிடக்கின்றன. அவற்றைக் கையால் கூட்டி அள்ளிவிட்டு அதே மேசையில் அந்தப் பெண்கள் உட்கார்ந்து சாப்பிட வேண்டும். பாத்திரம் தேய்க்கும் தொட்டியின் குழாய் ஒழுகுகிறது. குழாய் வேலைக்காரரைக் கூப்பிடச் சொல்லி அவள் நினைவூட்டிக்கொண்டே இருக்கிறாள், கணவன் மறந்துகொண்டே இருக்கிறான். ஒழுகும் அழுக்குத் தண்ணீருக்கு அடியில் அவள் வாளி வைக்கிறாள், வாளி நிறைகிறது, கொட்டுகிறாள், மறுபடியும் வைக்கிறாள்.

கதையின் பிற்பகுதியில் மண்டல காலம் வருகிறது. கணவனும் மாமனாரும் சபரிமலைக்கு மாலை போட்டுக்கொள்கிறார்கள். மாதவிலக்கான பெண் ஓர் அறையில் ஒதுக்கப்படுகிறாள். சபரிமலைக்கு எல்லா வயதுப் பெண்களும் செல்லலாம் என்று 2018இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தபோது கேரள வீதிகளில் எழுந்த கொந்தளிப்பு, இந்த வீட்டின் அடுக்களைவரை வந்து நிற்கிறது. இந்தப் படம் தமிழிலும் இந்தியிலும் மறுபடி எடுக்கப்பட்டது. நான் சொன்ன உரைகல்லில் தேய்த்தால் இது சற்று விந்தையான முடிவைக் காட்டுகிறது: விறகடுப்பும் மண்டல விரதமும் கேரளத்தோடு ஒட்டியவை, ஆனால் ஒழுகும் அந்தக் குழாய் எந்த ஊருக்கும் வந்து பொருந்திவிடுகிறது. பொருந்துவது அந்த ஊர்களுக்குப் பெருமையல்ல.

மூன்றாவது வீடு கொச்சிக்கு அருகிலுள்ள கும்பளங்கியில் இருக்கிறது. மது சி. நாராயணன் இயக்கி, ஷ்யாம் புஷ்கரன் எழுதிய ‘கும்பளங்கி நைட்ஸ்’ (2019) படத்தில் நான்கு சகோதரர்கள் காயலோரத்தில் கதவில்லாத, பூச்சில்லாத ஒரு வீட்டில் தங்களுக்குள் அடித்துக்கொண்டு வாழ்கிறார்கள். ஊராருக்கு வேண்டாத நாய்களையும் பூனைகளையும் கொண்டுவந்து விடும் இடம் அது. சற்றுத் தொலைவில் இன்னொரு வீடு: ஒழுங்கானது, துடைத்து வைத்தது, வெளிநாட்டுப் பயணிகளுக்கு வாடகைக்கு விடப்படுவது. அந்த வீட்டு மருமகன் ஷம்மி, மீசையைச் சீவிக்கொண்டு தன்னை ஆண்மையின் முழு வடிவமாக எண்ணிக்கொள்பவன். இரண்டில் எந்த வீடு பாதுகாப்பானது என்ற கேள்விக்குப் படம் மெல்ல மெல்லப் பதில் சொல்கிறது. கும்பளங்கியில் சுற்றுலாவும் மீன்பிடித் தொழிலும் அருகருகே நடப்பதால்தான் இந்த இரண்டு வீடுகளும் ஒரே கதைக்குள் அடங்குகின்றன. இரவில் காயல் நீர் நீலமாக ஒளிரும் ‘கவரு’ என்ற இயற்கைக் காட்சியும் படத்தில் வருகிறது; அதைப் பார்ப்பதற்கென்றே பிறகு மக்கள் அங்கே படையெடுத்தார்கள்.

ஒரே மொழி, பல நாக்குகள்

தொடக்கநிலைப் பார்வையாளர் இழப்பது பெரும்பாலும் பேச்சில்தான். என்னுடன் பணிபுரிந்த திருச்சூர்க்காரத் தோழி ஒருவருடன் படம் பார்த்தபோது, துணைத்தலைப்பில் ‘என்ன?’ என்று மட்டும் வந்த இடத்தில் அவர் விழுந்து விழுந்து சிரித்தார். காரணம் கேட்டேன். பொது மலையாளத்தில் ‘எந்து’ என்பதைத் திருச்சூரில் ‘எந்தூட்டு’ என்பார்கள். திருவனந்தபுரத்துப் பேச்சில் அது ‘எந்தர்’ ஆகிவிடும். அந்த ஒற்றைச் சொல்லை உச்சரித்த உடனே பேசுகிறவரின் ஊர் தெரிந்துவிடுகிறது, ஊர் தெரிந்தவுடன் அவரைப் பற்றிய நூறு கதைகளும் நினைவுக்கு வந்துவிடுகின்றன என்று அவர் விளக்கினார்.

உறவுச்சொற்களும் அப்படியே. அண்ணனை ‘ஏட்டன்’ என்றும் ‘சேட்டன்’ என்றும் ‘இக்கா’ என்றும் அழைக்கலாம். கோட்டயம் பக்கத்துக் கிறிஸ்தவக் குடும்பங்களில் ‘அச்சாயன்’ என்பார்கள். அப்பாவுக்கு ‘அச்சன்’, ‘அப்பச்சன்’, ‘உப்பா’. அம்மாவுக்கு ‘அம்மச்சி’, ‘உம்மா’. ஒரு பாத்திரம் வாய் திறந்து தன் தாயைக் கூப்பிட்டவுடன் அதன் சமயமும் வட்டாரமும் பார்வையாளருக்குத் தெரிந்துவிடுகின்றன. யாரும் தனியாக அறிமுகம் செய்துவைக்க வேண்டியதில்லை. தமிழ் மொழிமாற்றத்தில் இவை எல்லாமே ‘அண்ணா’, ‘அப்பா’, ‘அம்மா’ ஆகிவிடுவதால் படத்தின் பாதி தகவல் கழன்று விழுந்துவிடுகிறது. மலையாளம் நமக்கு எட்டாத மொழி அல்ல. மூலக்குரலோடு துணைத்தலைப்பு வைத்துப் பாருங்கள், நான்காவது படத்திலேயே காது பழகிவிடும்.

பேச்சு வேற்றுமையே கதையின் முதுகெலும்பாக அமைந்த படம், திலீஷ் போத்தனின் ‘தொண்டிமுதலும் திருக்சாட்சியும்’ (2017). சாதி கடந்து மணந்துகொண்டதால் ஊரைவிட்டு வந்த ஆலப்புழைத் தம்பதியர், வடகோடியான காசர்கோட்டில் குறைந்த விலைக்கு நிலம் வாங்கிப் பிழைக்கப் பார்க்கிறார்கள். சுற்றிலும் தண்ணீரைப் பார்த்து வளர்ந்தவர்கள், தண்ணீர் கிடைக்காத செம்மண்ணில் வந்து நிற்கிறார்கள். பேருந்தில் அந்தப் பெண்ணின் தாலிச் சங்கிலியைத் திருடியவன் அதை விழுங்கிவிடுகிறான்; எஞ்சிய கதை ஒரு காவல்நிலையத்தில் நடக்கிறது. காவலர்களில் சிலராக உண்மையான காவல்துறையினரே நடித்திருக்கிறார்கள். தெற்கத்திப் பேச்சு பேசும் தம்பதியருக்கு அந்த நிலையத்தில் எல்லாமே அந்நியமாக இருப்பதை, வசனத்தின் பொருளைவிட அதன் ஓசை அதிகமாகச் சொல்கிறது.

கடல் கடந்த வருமானம்

கேரளத்தின் அன்றாடத்தைப் பற்றிப் பேசிவிட்டு வளைகுடாவைப் பேசாமல் விட முடியாது. 1970களிலிருந்து பெருகிய அந்தப் புலம்பெயர்வு வீடுகளின் உயரத்தையும் திருமணங்களின் செலவையும் உறவுகளின் கணக்கையும் மாற்றியது. 1987இல் சத்யன் அந்திக்காடு இயக்கி ஸ்ரீனிவாசன் எழுதிய ‘நாடோடிக்காற்று’ படத்தில் வேலையில்லாத இரண்டு இளைஞர்கள் தரகரை நம்பிக் கடல்வழியே துபாய்க்குப் புறப்படுகிறார்கள். கரையிறங்கி, அரபு உடையில் நடந்துவந்து பார்த்தால் பலகைகளில் தமிழ் எழுத்து; அவர்கள் வந்து சேர்ந்திருப்பது சென்னை. சிரிக்கவைக்கும் காட்சிதான். படித்தும் வேலையில்லாத ஒரு தலைமுறையின் தவிப்பு அதற்கு அடியில் இருக்கிறது.

அதே வளைகுடாவின் முழுக் கணக்கையும் கேட்டுவாங்கும் படம் சலீம் அகமதுவின் ‘பத்தேமாரி’ (2015). பத்தேமாரி என்பது சரக்கேற்றும் பாய்மரக் கலம். விமானத்துக்கு முந்தைய காலத்தில் ஆட்கள் உயிரைப் பணயம் வைத்து அதில் ஏறிப் போனார்கள். மம்மூட்டி நடித்த நாராயணன் தன் இளமை முழுவதையும் அங்கே செலவழித்து ஊரில் இருப்பவர்களை வாழவைக்கிறார். ஊருக்கு வரும் ஒவ்வொரு முறையும் அவர் விருந்தாளிதான். கொண்டுவந்த பெட்டி திறக்கப்படுகிறது, கையிருப்பு கரைகிறது, திரும்பிப் போகும் நாள் வந்துவிடுகிறது. இறுதியில் அவர் உடல்தான் ஊர் வந்து சேர்கிறது.

சாவு வீட்டில் தெரியும் ஊர்

ஓர் ஊரின் பண்பாடு திருவிழாவில் தெரியும் என்பார்கள். சாவு வீட்டில் அது இன்னும் தெளிவாகத் தெரியும் என்று மலையாளப் படங்களைப் பார்த்தபின் எனக்குத் தோன்றுகிறது. லிஜோ ஜோஸ் பெல்லிசேரி இயக்கி பி.எஃப். மேத்யூஸ் எழுதிய ‘ஈ.ம.யௌ.’ (2018) செல்லானம் கடற்கரையின் லத்தீன் கத்தோலிக்கர்களைப் பற்றியது. ‘ஈசோ, மறியம், யௌசேப்பு’ என்ற சொற்களின் சுருக்கமே தலைப்பு. உயிர் பிரியும் தறுவாயில் காதில் ஓதப்படும் பெயர்கள் அவை. உனக்கு ஊரே வியக்கும் இறுதி ஊர்வலம் நடத்துகிறேன் என்று தந்தைக்கு வாக்குக் கொடுத்த மகன், அதே இரவில் அவரை இழந்துவிடுகிறான். பணமில்லை, மழை நிற்கவில்லை, சவப்பெட்டி தாங்கவில்லை, பாதிரியார் சந்தேகிக்கிறார்.

கிறிஸ்டோ டோமியின் ‘உள்ளொழுக்கு’ (2024) குட்டநாட்டில் நடக்கிறது. கடல் மட்டத்துக்குக் கீழே நெல் விளையும் பூமி அது. வெள்ளத்தில் கல்லறைத் தோட்டமே மூழ்கியிருப்பதால், இறந்தவனை அடக்கம் செய்யத் தண்ணீர் வடியும்வரை காத்திருக்க வேண்டும். முழங்கால் அளவு நீர் நிற்கும் வீட்டில் மாமியாரும் மருமகளும் ஒருவரிடமிருந்து ஒருவர் தப்ப முடியாமல் இருக்கிறார்கள். மறைத்துவைத்தவை ஒவ்வொன்றாக மேலே மிதந்து வருகின்றன. தண்ணீர் ஒரே நாளில் வடிந்திருந்தால் அந்தக் குடும்பத்தின் உண்மைகள் வெளியே வந்திருக்கவே வந்திருக்காது. ஊர் கதையை நடத்துவதற்கு இதைவிடத் துல்லியமான எடுத்துக்காட்டு எனக்குத் தெரியாது.

கண்ணாடியில் தெரியாதவர்கள்

இவ்வளவு சொன்ன பிறகு ஒன்றை மறைக்கக்கூடாது. ஒரு சினிமா தன் ஊரைக் காட்டுகிறது என்றால் அந்த ஊரில் உள்ள எல்லோரையும் காட்டுகிறது என்று பொருளாகாது. ஜே.சி. டேனியல் எடுத்த முதல் மலையாள மௌனப்படமான ‘விகதகுமாரன்’ படத்தின் கதாநாயகி பி.கே. ரோசி ஒரு தலித் பெண். அவர் திரையில் நாயர் பெண்ணாகத் தோன்றியதைப் பொறுக்காத உயர்சாதியினர் வன்முறையில் இறங்கினார்கள். அவர் ஊரைவிட்டே போக நேர்ந்தது. மலையாள சினிமாவின் முதல் கதாநாயகிக்குத் தன் படத்தின் முன்னால் நிற்க இடமிருக்கவில்லை.

பிற்காலத்திலும் வேறு வகையில் இது தொடர்ந்தது. 1990களின் வெற்றிப் படங்கள் பலவற்றில் ஒற்றப்பாலத்தின் ‘மனை’ எனப்படும் பழைய பெருவீடுகளும் அவற்றின் மீசை முறுக்கும் தலைவர்களும் கேரளத்தின் முகமாகக் காட்டப்பட்டார்கள். வள்ளுவநாட்டு உயர்சாதிப் பேச்சே ‘நல்ல மலையாளம்’ என்றானது. எலிப்பத்தாயத்தில் சிதைந்துகொண்டிருந்த வீட்டையே இந்தப் படங்கள் வெள்ளையடித்துக் கொலு வைத்தன. அதனால்தான் ராஜீவ் ரவியின் ‘கம்மட்டிப்பாடம்’ (2016) எனக்கு முக்கியமாகப் படுகிறது. கொச்சி நகரம் அடுக்குமாடிகளாக வளர்ந்தபோது எந்த வயல்கள் தூர்க்கப்பட்டன, எந்தத் தலித் குடும்பங்கள் இடம்பெயர்ந்தன, அவர்களை விரட்ட அவர்களுடைய பிள்ளைகளே எப்படி அடியாட்களாகப் பயன்படுத்தப்பட்டார்கள் என்பதை அது காட்டுகிறது. கங்காவாக விநாயகன் அதில் நடித்ததைப் பார்த்தவர்கள் மறக்கமாட்டார்கள்.

தமிழர்களாகிய நமக்கும் இதில் ஒரு மனத்தாங்கல் உண்டு. பழைய மலையாளப் படங்கள் பலவற்றில் தமிழர் என்றால் சுமை தூக்குபவர், நாடோடி, திருடர். நம் படங்களும் மலையாளியைத் தேநீர்க் கடைக்காரராகவும் மலையாளப் பெண்ணைக் கேலிப்பொருளாகவும் காட்டியே காலம் தள்ளின. பக்கத்து வீட்டுக்காரரை இரு தரப்பினரும் சரியாகப் பார்க்கவில்லை.

அந்தக் குறையைத் தீர்ப்பதுபோல் லிஜோ ஜோஸ் பெல்லிசேரியின் ‘நண்பகல் நேரத்து மயக்கம்’ வந்தது. வேளாங்கண்ணி போய்த் திரும்பும் மலையாளக் குடும்பங்களின் பேருந்து. தமிழ்நாட்டுச் சாப்பாட்டையும் பாட்டையும் குறை சொல்லிக்கொண்டு வரும் ஜேம்ஸ், உச்சிவெயிலில் எல்லோரும் உறங்கும் நேரத்தில் வண்டியை நிறுத்தச் சொல்லி இறங்கி, சோளக்காட்டைக் கடந்து ஒரு தமிழ்க் கிராமத்துக்குள் நடக்கிறார். அங்கே இரண்டு ஆண்டுகளுக்கு முன் காணாமற்போன சுந்தரத்தின் வீட்டுக்குள் அவர் தன் வீட்டுக்குள் போவதுபோல் நுழைகிறார்; தமிழில் பேசுகிறார். தேனி ஈஸ்வரின் கேமரா நகராமல் பார்த்துக்கொண்டிருக்க, எங்கிருந்தோ பழைய தமிழ்ப் பாட்டுகளும் படவசனங்களும் படம் நெடுகக் கேட்டுக்கொண்டே இருக்கின்றன. ஒரு மதியத் தூக்கத்தின் நீளத்துக்கு ஒரு மலையாளி தமிழனாக இருந்து பார்க்கிறான்.

எதிலிருந்து தொடங்குவது என்று கேட்பவர்களுக்கு, சகரியா இயக்கிய ‘சுடானி ஃபிரம் நைஜீரியா’ (2018) படத்தை நான் முதலில் சொல்வேன். மலப்புறத்தில் அணிக்கு ஏழு பேர் ஆடும் ‘செவன்ஸ்’ கால்பந்து ஒரு பித்து. அதற்காக ஆப்பிரிக்காவிலிருந்துகூட வீரர்களைக் கூட்டிவருவார்கள். அப்படி வந்த சாமுவேல் அடிபட்டுப் படுத்துவிட, அணியை நடத்தும் மஜீதின் வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ள நேர்கிறது. மஜீதின் வயதான உம்மாவும் அவருடைய தோழியும் அவனைக் கவனிக்கிறார்கள். அவர்களுக்கு அவன் மொழி தெரியாது; அவனுக்கு அவர்கள் மொழி தெரியாது. மலப்புறத்து மலையாளத்திலேயே அவர்கள் அவனிடம் நலம் விசாரிக்கிறார்கள், சாப்பிடச் சொல்லி வற்புறுத்துகிறார்கள், அவன் ஊரிலுள்ள சொந்தங்களுக்காக வருந்துகிறார்கள். அவன் தலையசைக்கிறான். துணைத்தலைப்பை ஒருமுறை அணைத்துவிட்டு அந்தக் காட்சிகளை மட்டும் பாருங்கள்.